பலெர்மோவின் குற்றங்களும் தொலைக்காட்சித் திரையும்: ஒரு தயாரிப்பாளரின் பயணம் எழுப்பும் கேள்விகள்

இத்தாலியின் தனியார் தொலைக்காட்சியான கனாலே 5இல், 2007ஆம் ஆண்டு அக்டோபர் மாத இறுதியில் ஒரு தொடர் ஆரம்பமானது. "தலைவர்களின் தலைவன்" என்று பொருள்படும் தலைப்பைக் கொண்ட அந்த ஆறு பகுதித் தொடர், சிசிலி மாஃபியாவின் மிகக் கொடூரமான தலைவராக அறியப்பட்ட டோட்டோ ரீனாவின் வாழ்க்கையைச் சித்தரித்தது. ரீனா அப்போது உயிருடன் சிறையில் இருந்தார்.

தொடர் பெரும் வரவேற்பைப் பெற்றது. அதே வேளையில், கொலைகாரர் ஒருவரை நாயகனாக்கிக் காட்டுகிறது என்ற கண்டனமும் எழுந்தது. அன்றைய நீதித்துறை அமைச்சர் கிளெமெந்தே மஸ்தெல்லா வெளிப்படையாகவே ஆட்சேபம் தெரிவித்தார்.

அந்தத் தொடரைத் தயாரித்தவர் பியெத்ரோ வல்செக்கி. வட இத்தாலியைச் சேர்ந்த இவர், சிசிலியின் தலைநகரான பலெர்மோவில் நடந்த கொலைகளையும் கைதுகளையும் இருபது ஆண்டுகளாகத் தொலைக்காட்சிக்குக் கொண்டுவந்தவர்.

உண்மையில் நடந்த குற்றங்களைப் பொழுதுபோக்கு நேரத்தில் ஒளிபரப்புவது, கொல்லப்பட்டவர்களின் நினைவைக் காக்கிறதா, அல்லது கொன்றவர்களின் புகழை வளர்க்கிறதா? வல்செக்கியின் தயாரிப்புகளை வரிசையாகப் பார்க்கும்போது, இந்தக் கேள்விக்கான விடை இரண்டு அம்சங்களில் தங்கியிருப்பது புலனாகிறது. கதையின் நடுவில் யார் நிறுத்தப்படுகிறார் என்பது ஒன்று. நீதிமன்றத்தில் முடியாத வழக்கு திரையில் முடிந்துவிட்டதாகக் காட்டப்படுகிறதா என்பது மற்றொன்று.

ஒரு வழக்கறிஞரின் கொலை

வல்செக்கியும் அவரது மனைவி கமில்லா நெஸ்பிட்டும் சேர்ந்து உருவாக்கியது தாவோதுவே என்ற தயாரிப்பு நிறுவனம். உண்மைக் குற்றம் என்ற துறையில் வல்செக்கியின் பெயர் கவனம் பெற்றது, 1995இல் வெளியான ஒரு திரைப்படத்தின் மூலமாகும். கொர்ராதோ ஸ்தயானோ எழுதிய நூலை அடிப்படையாகக் கொண்ட அப்படம், ஜோர்ஜோ அம்ப்ரோசோலி என்ற வழக்கறிஞரின் கதையைச் சொன்னது.

சிசிலியில் பிறந்த வங்கியாளர் மிகேலே சிந்தோனாவின் வங்கி நொடித்தபோது, அதன் கணக்குகளை ஆராய்ந்து கலைக்கும் பொறுப்பு அம்ப்ரோசோலிக்கு வழங்கப்பட்டது. மிரட்டல்களுக்கும் கையூட்டுக்கும் அவர் இணங்கவில்லை. 1979ஆம் ஆண்டு ஜூலை 11ஆம் தேதி மிலான் நகரில் தனது வீட்டு வாசலில் அவர் சுட்டுக் கொல்லப்பட்டார். கூலிக்கு ஆளமர்த்தி அக்கொலையைச் செய்வித்ததற்காக சிந்தோனாவுக்கு 1986இல் ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது.

அப்படத்தை இயக்கியவர் மிகேலே பிளாச்சிதோ. இத்தாலியர்கள் அவரை அதற்கு முன்பே நன்கு அறிந்திருந்தனர். அரசுத் தொலைக்காட்சியான ராய், 1984இல் தொடங்கிய "லா பியோவ்ரா" என்ற மாஃபியா தொடரில், காவல் அதிகாரி கத்தானியாக நடித்தவர் அவர்தான். 1989இல் அப்பாத்திரம் சுட்டுக் கொல்லப்பட்ட பகுதியை ஒரு கோடிக்கும் அதிகமானோர் பார்த்தனர்.

ஆனால் கத்தானி ஒரு கற்பனை மனிதர். அம்ப்ரோசோலி உண்மையானவர், அவருடைய மனைவியும் பிள்ளைகளும் படம் வெளியானபோது வாழ்ந்துகொண்டிருந்தனர். கற்பனைக் குற்றத்திலிருந்து உண்மைக் குற்றத்துக்கு இத்தாலியத் திரை நகர்ந்தபோது, இந்த வேறுபாடும் அத்துடன் கூடவே வந்தது.

தொலைக்காட்சியே இலக்கானபோது

பலெர்மோவைப் பொறுத்தவரை, தொலைக்காட்சி வெறும் பார்வையாளராக மட்டும் இருந்ததில்லை. சில வேளைகளில் அது நிகழ்வுகளின் ஒரு தரப்பாகவே மாறியது.

பலெர்மோவில் ஆடை உற்பத்தித் தொழிற்சாலை நடத்திவந்த லிபெரோ கிராஸி என்பவர், 1991 ஜனவரியில் உள்ளூர் நாளிதழ் ஒன்றில் ஒரு திறந்த கடிதத்தை வெளியிட்டார். தன்னிடம் கப்பம் கேட்பவரை விளித்து எழுதப்பட்ட அக்கடிதம், தான் ஒருபோதும் பணம் தரப்போவதில்லை என்று அறிவித்தது. அதே ஆண்டு ஏப்ரல் மாதத்தில், செய்தியாளர் மிகேலே சந்தோரோ ராய் தொலைக்காட்சியில் நடத்திவந்த "சமர்காந்தா" நிகழ்ச்சியில் தோன்றி, தனது நிலைப்பாட்டை நாடு முழுவதற்கும் அவர் விளக்கினார்.

நகரின் மற்றத் தொழிலதிபர்களில் பெரும்பாலோர் அவருக்குத் துணை நிற்கவில்லை. 1991 ஆகஸ்ட் 29ஆம் தேதி காலை, வீட்டிலிருந்து புறப்பட்ட கிராஸி தெருவில் வைத்துச் சுட்டுக் கொல்லப்பட்டார்.

அடுத்த மாதமே, போட்டித் தொலைக்காட்சிகளான ராயும் கனாலே 5ம் இணைந்து ஒரு கூட்டு ஒளிபரப்பை நடத்தின. அதில், "மாஃபியா, இத்தாலியத் தயாரிப்பு" என்ற வாசகம் பொறித்த சட்டையொன்றை அறிவிப்பாளர் மவுரிட்சியோ கோஸ்தான்ஸோ எல்லோரும் பார்க்க எரித்தார். 1993 மே 14ஆம் தேதி, ரோம் நகரில் அவருடைய வாகனம் சென்ற வீதியில் சக்திவாய்ந்த கார் குண்டு வெடித்தது. இருபதுக்கும் மேற்பட்டோர் காயமடைந்தனர். கோஸ்தான்ஸோ உயிர் தப்பினார். அவர் 2023இல் காலமானார்.

மாஃபியாவைப் பற்றித் திரையில் பேசுவது உயிராபத்தை விளைவிக்கக்கூடிய செயலாக இருந்த காலம் அது. தண்டனை பெற்ற மாஃபியா தலைவரைப் பற்றிய தொடரைத் தேநீர்க் கோப்பையுடன் அமர்ந்து பார்க்கும் காலம் அதற்குப் பதினைந்து ஆண்டுகளுக்குள்ளேயே வந்துவிட்டது. இந்த மாற்றத்தின் வேகம், பின்னாளில் எழுந்த விவாதங்களுக்கு ஒரு காரணமாகும்.

கைதும் அதன் பின் வந்த வழக்கும்

ரீனா 23 ஆண்டுகளுக்கும் மேலாகத் தலைமறைவாக வாழ்ந்தவர். 1993 ஜனவரி 15ஆம் தேதி பலெர்மோ நகரத் தெருவொன்றில் அவர் கைது செய்யப்பட்டார். கைது நடவடிக்கைக்குத் தலைமை தாங்கியவர், கராபினியேரி எனப்படும் காவல் படையைச் சேர்ந்த செர்ஜோ தெ காப்ரியோ. "கடைசியானவன்" என்று பொருள்படும் "உல்திமோ" என்பது அவருடைய புனைபெயர். பாதுகாப்புக் கருதி, பொதுவெளியில் அவர் முகத்தை மறைத்தே தோன்றினார்.

முகம் தெரியாத வீரர் ஒருவர், மிகக் கொடிய குற்றவாளியைப் பிடித்தார். தொலைக்காட்சிக்கு இதைவிடப் பொருத்தமான கதை வாய்ப்பதரிது. 1998இல் தாவோதுவே தயாரித்த "உல்திமோ", நடிகர் ராவுல் போவாவைப் புகழின் உச்சிக்குக் கொண்டுசென்றது. 1999, 2004, 2013, 2018 ஆகிய ஆண்டுகளில் அதன் தொடர்ச்சிகளும் வெளிவந்தன.

ஆனால் உண்மையான வழக்கு திரைக்கதையைப் போல நேராகச் செல்லவில்லை. ரீனா கைதான பின்னர், அவர் குடும்பத்துடன் ஒளிந்திருந்த வீடு உடனடியாகச் சோதனையிடப்படவில்லை. 18 நாட்கள் கழித்து அதிகாரிகள் உள்ளே சென்றபோது, வீடு முழுமையாகக் காலி செய்யப்பட்டிருந்தது. அங்கு என்னென்ன ஆவணங்கள் இருந்திருக்கும் என்ற ஐயம் இன்றுவரை தீரவில்லை.

இந்தத் தாமதம் தொடர்பில் தெ காப்ரியோவும் அவரது மேலதிகாரி மாரியோ மோரியும் பலெர்மோ நீதிமன்றத்தில் விசாரிக்கப்பட்டனர். 2006 பிப்ரவரியில் நீதிமன்றம் இருவரையும் விடுதலை செய்தது. அவர்களது செயல் குற்றமாகாது என்பது தீர்ப்பு.

முதல் தொடர் ஒளிபரப்பான காலத்தில் இவ்வழக்கு தொடங்கியிருக்கவில்லை என்பதால், தயாரிப்பாளரை அதற்காகக் குறைகூற இயலாது. எனினும் ஒன்று தெளிவாகிறது. கைதுடன் கதை முடிகிறது என்பது நாடகத்தின் தேவை. பலெர்மோவின் வரலாற்றில், கைதுக்குப் பிறகே பல கேள்விகள் தொடங்கின.

57 நாட்கள்

இதே சிக்கல் இன்னும் கூர்மையாக வெளிப்பட்டது, நீதிபதி பாவ்லோ போர்செல்லினோவின் கதையில்.

பலெர்மோவில் பிறந்து வளர்ந்த போர்செல்லினோவும் ஜொவானி ஃபால்கோனேயும் 1980களில் மாஃபியாவுக்கு எதிரான மாபெரும் வழக்கைத் தயாரித்தவர்கள். உச்சியார்தோனே சிறைக்கு அருகே, வெடிகுண்டுத் தாக்குதலையும் தாங்கும் வகையில் இதற்கெனவே கட்டப்பட்ட நீதிமன்றத்தில், 1986 பிப்ரவரி 10ஆம் தேதி விசாரணை தொடங்கியது. சுமார் 475 பேர் குற்றஞ்சாட்டப்பட்டிருந்தனர். 1987 டிசம்பரில் வந்த தீர்ப்பில் 300க்கும் அதிகமானோர் தண்டிக்கப்பட்டனர். 19 பேருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. 1992 ஜனவரியில் இத்தாலியின் உச்ச நீதிமன்றம் இத்தீர்ப்பின் அடிப்படையை உறுதி செய்தது.

மாஃபியாவின் பழிவாங்கல் தாமதிக்கவில்லை. 1992 மே 23ஆம் தேதி கபாச்சி அருகே நெடுஞ்சாலையில் வைக்கப்பட்ட குண்டு, ஃபால்கோனேயையும் அவரது மனைவியையும் மூன்று மெய்க்காவலர்களையும் பலிகொண்டது. 57 நாட்களுக்குப் பின், ஜூலை 19ஆம் தேதி, தாயைப் பார்க்கச் சென்ற போர்செல்லினோவும் ஐந்து மெய்க்காவலர்களும் பலெர்மோவின் தமெலியோ வீதியில் கொல்லப்பட்டனர்.

2004இல் வல்செக்கி தயாரித்த "பாவ்லோ போர்செல்லினோ" கனாலே 5இல் ஒளிபரப்பானது. ஜோர்ஜோ திராபாஸி போர்செல்லினோவாக நடித்தார். நீதிபதியைத் தந்தையாகவும் நண்பராகவும் அச்சத்தை அறிந்தவராகவும் காட்டிய அந்தப் படைப்பில், கொல்லப்பட்டவரே கதையின் நடுவில் நின்றார்.

ஆனால் அந்த ஆண்டில், தமெலியோ வீதிக் குண்டுவெடிப்பு வழக்கில் தண்டிக்கப்பட்டுச் சிறையில் இருந்தவர்களில் சிலர், அக்குற்றத்தைச் செய்யாதவர்கள். வின்சென்சோ ஸ்கரந்தீனோ என்பவர் அளித்த பொய்ச் சாட்சியத்தை நம்பி அவர்கள் தண்டிக்கப்பட்டிருந்தனர். 2008இல் காஸ்பரே ஸ்பதுஸ்ஸா என்ற மாஃபியா கொலையாளி அதிகாரிகளுடன் ஒத்துழைக்க முன்வந்து, குண்டு வைக்கப்பட்ட காரைத் திருடியது தானே என்று கூறியபோதுதான் அந்தப் பொய் குலைந்தது. இத்தாலிய நீதித்துறை வரலாற்றின் மிகக் கடுமையான திசைதிருப்பல்களில் ஒன்று என்று கல்தனிசெத்தா நீதிமன்றம் 2017இல் வழங்கிய தீர்ப்பு இதனை வர்ணித்தது. தவறாகத் தண்டிக்கப்பட்டவர்கள் அதே ஆண்டு மறுவிசாரணையில் விடுவிக்கப்பட்டனர்.

போர்செல்லினோ எப்போதும் உடன் வைத்திருந்த சிவப்பு நிற நாட்குறிப்பு, குண்டுவெடிப்பு நடந்த நாளில் காணாமற்போனது. அது இன்றுவரை கிடைக்கவில்லை.

உண்மைக் குற்றத்தைக் கதையாக்கும் எவருக்கும் இது ஓர் எச்சரிக்கையாகும். நீதிமன்றமே ஏமாற்றப்பட்டிருக்கும் வேளையில், நீதிமன்றத் தீர்ப்பை நம்பி எடுக்கப்படும் படம் மட்டும் உண்மையைச் சொல்லிவிட முடியாது.

தலைவனே நாயகனானால்

இந்தப் பின்னணியில்தான் 2007இல் ரீனாவைப் பற்றிய தொடர் வந்தது. ஜுசெப்பே தவன்சோ, அத்திலியோ போல்சோனி ஆகிய இரு பத்திரிகையாளர்களின் விசாரணை நூலை ஆதாரமாகக் கொண்டது அது. கோர்லியோனே என்ற மலையூரில் வறிய குடும்பத்தில் பிறந்த சிறுவன் எவ்வாறு சிசிலி மாஃபியா முழுவதையும் தன் பிடிக்குள் கொண்டுவந்தான் என்பதைத் தொடர் படிப்படியாகக் காட்டியது.

ரீனாவாக நடித்தவர் கிளாவுதியோ ஜோயே. பலெர்மோவில் பிறந்த இவர், அந்த நகரின் பேச்சையும் நடையையும் அறிந்தவர். நடிப்பு சிறப்பாக அமைந்ததே சிக்கலுக்கு ஒரு காரணமாயிற்று. வறுமை, துணிவு, உயர்வு என்ற வரிசையில் சொல்லப்படும் எந்தக் கதையிலும், பார்ப்பவரின் மனம் நடுவில் நிற்பவரின் பக்கம் சாய்வது இயல்பு.

தயாரிப்பாளர்கள் இதை அறியாதவர்களல்லர். ரீனாவுக்கு எதிர்நிலையில், அதே ஊரில் அவருடன் வளர்ந்து காவல் அதிகாரியாகும் பியாஜோ ஸ்கிரோ என்ற பாத்திரத்தை அவர்கள் படைத்தனர். ஆனால் ஸ்கிரோ கற்பனையானவர். பலெர்மோவில் ரீனாவின் ஆட்களைத் துரத்தி உயிரிழந்த உண்மையான காவல் அதிகாரிகள் இருந்தனர். 1979இல் கொல்லப்பட்ட போரிஸ் ஜுலியானோ, 1985இல் ஒன்பது நாள் இடைவெளியில் கொல்லப்பட்ட பெப்பே மொந்தானா, நின்னி கஸ்ஸரா ஆகியோர் அவர்களில் சிலர். கொலைகாரர் உண்மைப் பெயருடன் நிற்க, அவரைத் தொடர்ச்சியாக எதிர்கொள்ளும் நாயகனோ புனைவாக இருந்தார்.

கதைக்கு ஒரே எதிராளி தேவை என்பதால் இது நேர்ந்தது. உண்மையில் அந்த எதிர்ப்பைப் பலர் பகிர்ந்துகொண்டனர். ஒருவர் வீழ்ந்த இடத்தில் மற்றொருவர் வந்து நின்றார். அந்தத் தொடர்ச்சியே பலெர்மோவின் பெருமை. ஒற்றை நாயகன் அதை மறைத்துவிடுகிறான்.

கற்பனையின் பக்கம்

2009இல் வல்செக்கியின் நிறுவனம் முழுக் கற்பனையை நோக்கி நகர்ந்தது. "மாஃபியா எதிர்ப்புப் பிரிவு – இன்றைய பலெர்மோ" என்ற பொருளில் தலைப்பிடப்பட்ட அந்தத் தொடர் 2016 வரை எட்டுப் பருவங்கள் ஓடியது. இதன் தொடக்கப் பருவங்களில் ஜோயே காவல் அதிகாரியாக நடித்தார். ஆனால் நேயர்கள் பெரிதும் விரும்பிய பாத்திரம், ஜுலியா மிகெலினி நடித்த ரோஸி அபாத்தே என்ற மாஃபியா குடும்பத்துப் பெண். அவளுக்காகவே 2017இல் தனித் தொடர் ஒன்று உருவாக்கப்பட்டது.

திரையில் நீண்ட நேரம் தோன்றும் முகத்தையே மக்கள் நேசிக்கிறார்கள் என்பதற்கு இது மற்றுமொரு சான்று. எனினும் அபாத்தேயின் கையால் உண்மையில் எவரும் கொல்லப்படவில்லை என்பதால், இங்கு காயப்படும் குடும்பம் ஏதுமில்லை.

இத்தொடர்களை ஒளிபரப்பிய மெடியாசெட் குழுமம், முன்னாள் பிரதமர் சில்வியோ பெர்லுஸ்கோனி நிறுவியது. தாவோதுவேயும் பின்னர் அக்குழுமத்தின் பங்குடைமைக்குள் வந்தது. ஆனால் அதே பெர்லுஸ்கோனி 2009 நவம்பரில், "லா பியோவ்ரா" தொடரை எடுத்தவர்களையும் மாஃபியா பற்றி நூல் எழுதுபவர்களையும் கண்டால் கழுத்தை நெரிப்பேன் என்ற பொருளில் பேசினார். அவர்கள் உலகின் முன் இத்தாலிக்குக் கெட்ட பெயர் தேடித் தருகிறார்கள் என்பது அவரது மனக்குறை.

குழுமத்தின் விளம்பர நிறுவனத்தை உருவாக்கியவரும் பெர்லுஸ்கோனியின் நெருங்கிய சகாவும் பலெர்மோவில் பிறந்தவருமான மார்செல்லோ தெல்லுத்ரி, மாஃபியாவுக்கு வெளியிலிருந்து உதவிய குற்றத்துக்காக 7 ஆண்டுச் சிறைத் தண்டனை பெற்றார். 2014 மே மாதம் உச்ச நீதிமன்றம் அதனை உறுதி செய்தது. மாஃபியா குறித்த கதைகளைச் சொல்லும் திரை, அந்தக் கதைகளிலிருந்து வெகு தொலைவில் இருந்ததில்லை.

ஆவணங்களின் வழி

உண்மைக் குற்றத்தைச் சொல்ல வேறு வழிகளும் இருந்தன. ரீனாவுக்குப் பின் மாஃபியாவின் தலைமையில் இருந்த பெர்னார்தோ ப்ரொவென்சானோ, 43 ஆண்டுத் தலைமறைவுக்குப் பின்னர் 2006 ஏப்ரல் 11ஆம் தேதி கோர்லியோனே அருகே ஒரு பண்ணைக் குடிலில் பிடிபட்டார். 2007இல் ராய் 3 தொலைக்காட்சி, அவரது கைதைப் பற்றிய ஆவணத் தொடரை ஒளிபரப்பியது. கிளாவுதியோ கனெபாரி உருவாக்கிய இத்தொடருக்கு, காவல்துறையினர் மறைத்துவைத்திருந்த ஒலி, ஒளிப்பதிவுக் கருவிகளில் பதிவானவையே மூலப்பொருளாக அமைந்தன.

அதில் தெரிந்த மாஃபியா பிரமிப்பூட்டுவதாக இல்லை. துவைத்த துணிகள் அடங்கிய பொதியொன்று கைமாறி மலைப்பாதையில் செல்வதை அதிகாரிகள் நாட்கணக்கில் பின்தொடர்ந்தனர். தலைவர் என்று அஞ்சப்பட்டவர், தட்டச்சு செய்த துண்டுச் சீட்டுகள் மூலம் கட்டளையிட்டுக்கொண்டு, எளிய குடிலில் வாழ்ந்த முதியவர். நடிகரின் முகப்பொலிவும் பின்னணி இசையும் இல்லாதபோது, அதிகாரம் என்று கருதப்பட்டதன் உண்மை அளவு தெரிந்துவிடுகிறது.

மூன்றாவது வழியைக் காட்டியவர், பலெர்மோவைச் சேர்ந்த தொலைக்காட்சிப் படைப்பாளரான பிஃப் என்கிற பியெர்ஃபிரான்செஸ்கோ திலிபெர்தோ. "மாஃபியா கோடையில் மட்டுமே கொல்லும்" என்ற பொருளிலான தலைப்பைக் கொண்ட அவரது திரைப்படம் 2013இல் வெளியானது. 2016இல் அது ராய் 1இல் தொடராகவும் வந்தது. கொலைகளைக் கண்டும் காணாததுபோல் வாழ்ந்த நகரத்தை ஒரு சிறுவனின் பார்வையில், நகைச்சுவையுடன் அது சொன்னது. மாஃபியா தலைவர்கள் அதில் அச்சத்துக்குரியவர்களாக அல்லாமல் நகைப்புக்குரியவர்களாகத் தோன்றினர். கப்பத்துக்கு எதிராக 2004இல் பலெர்மோ இளைஞர்கள் தொடங்கிய "அத்தியோபிட்சோ" இயக்கத்தின் உதவியுடன், எவருக்கும் கப்பம் கட்டாமலே படப்பிடிப்பு நடத்தப்பட்டது.

தமிழ் நேயர்கள் அறிந்த விவாதம்

இந்த விவாதம் தமிழ் மக்களுக்குப் புதிதன்று. 2004 அக்டோபர் 18ஆம் தேதி சந்தனக் கடத்தல்காரர் வீரப்பன் அதிரடிப்படையினரால் சுட்டுக் கொல்லப்பட்டார். ரீனா தொடர் இத்தாலியில் ஓடிய அதே 2007இல், வ. கௌதமன் இயக்கத்தில் "சந்தனக்காடு" தொடர் மக்கள் தொலைக்காட்சியில் ஒளிபரப்பாகத் தொடங்கியது. 2023இல் இணையவழித் தளங்களில் வீரப்பன் குறித்த இரு ஆவணத் தொடர்கள் வெளிவந்தன. வீரப்பனால் கொல்லப்பட்டோரின் குடும்பங்கள், அதிரடிப்படையின் தேடுதலில் வதைக்கப்பட்ட மலைக்கிராம மக்கள், வீரப்பன் என்ற மூன்று தரப்பில் எவரைக் கதையின் நடுவில் வைப்பது என்ற கேள்வி அங்கும் எழுந்தது.

சட்ட அளவில், தமிழ்நாட்டில் எழுந்த வழக்கொன்று இந்தியா முழுமைக்கும் வழிகாட்டியாயிற்று. மரண தண்டனைக் கைதி ஆட்டோ சங்கரின் தன்வரலாற்றை நக்கீரன் இதழ் வெளியிடுவதை அதிகாரிகள் தடுக்க முயன்றபோது, விவகாரம் உச்ச நீதிமன்றம் சென்றது. பொது ஆவணங்களில் பதிவான செய்திகளை ஒருவரது ஒப்புதல் இல்லாமலும் வெளியிடலாம் என்றும், வெளியீட்டுக்கு முன்பே அரசு தடை போட முடியாது என்றும் 1994 அக்டோபரில் நீதிமன்றம் கூறியது. அந்த எல்லையைத் தாண்டினால் தனிமனித அந்தரங்கத்தை மீறிய குற்றம் வரும் என்றும், பாலியல் வன்முறைக்கோ கடத்தலுக்கோ ஆளான பெண்களின் பெயர்களை வெளியிடலாகாது என்றும் அது வரையறுத்தது.

சட்டம் வகுக்கக்கூடிய எல்லை அதுவரைதான். வெளியிட உரிமை உள்ள ஒன்றை எப்படிச் சொல்வது என்பது தயாரிப்பாளரின் மனச்சாட்சிக்கே விடப்படுகிறது.

கொல்லப்பட்டவர்களிடம் திரும்புதல்

2018இல் வல்செக்கியின் நிறுவனம் தயாரித்த நான்கு தொலைக்காட்சிப் படங்கள், "சுதந்திரக் கனவாளர்கள்" என்ற பொதுத் தலைப்பில் கனாலே 5இல் ஒளிபரப்பாயின. நான்கும் கொல்லப்பட்டவர்களின் கதைகள். அவர்களில் மூவர் பலெர்மோவில் உயிரிழந்தவர்கள்: தொழிலதிபர் லிபெரோ கிராஸி, போர்செல்லினோவுடன் மடிந்த 24 வயதுப் பெண் காவலர் எமானுவேலா லோய், பத்திரிகையாளர் மாரியோ பிரான்செஸே.

உள்ளூர் நாளிதழ் ஒன்றின் செய்தியாளரான பிரான்செஸே, கோர்லியோனே குழுவினரின் எழுச்சியை மற்றவர்களுக்கு முன்பே கண்டு எழுதியவர். அணைக்கட்டு ஒப்பந்தங்களின் பின்னால் இருந்த பணத்தையும் அவர் துருவி ஆராய்ந்தார். 1979 ஜனவரி 26ஆம் தேதி வீட்டருகே அவர் சுட்டுக் கொல்லப்பட்டார். இருபது ஆண்டுகளுக்கும் மேலாகத் தண்டனை பெறாதிருந்த கொலையாளிகள், அவரது மகன்களில் ஒருவரின் விடாமுயற்சியால் மீண்டும் திறக்கப்பட்ட வழக்கில், 2001இல் தண்டிக்கப்பட்டனர். ரீனா அவர்களில் ஒருவர்.

பிரான்செஸேயாக நடித்தவர் கிளாவுதியோ ஜோயே. 2007இல் ரீனாவாக வந்த அதே நடிகர், பதினொரு ஆண்டுகளுக்குப் பின், ரீனா கொல்வித்த மனிதராக, அதே தயாரிப்பாளரின் படத்தில் திரும்பி வந்தார். போர்செல்லினோவாக நடித்த திராபாஸி இம்முறை கிராஸியாகத் தோன்றினார்.

கிராஸி தனித்து நின்ற நிலையும் மாறியிருக்கிறது. அவர் கொல்லப்பட்டு 25 ஆண்டுகள் கழித்து, 2016இல், பலெர்மோவின் மக்வேதா வீதியில் கடை நடத்திவந்த வங்கதேசக் குடியேறிகள் பலர், தங்களிடம் கப்பம் வசூலித்தவர்களுக்கு எதிராக ஒன்றுசேர்ந்து சாட்சியமளிக்க முன்வந்தனர். அதையடுத்துக் கைதுகள் நடந்தன. இலங்கைத் தமிழர்கள் பலர் வாழும் பழைய நகரப் பகுதிகளுக்கு அருகிலேயே உள்ளது அந்த வீதி.

ஆயினும் ரீனா தொடர் ஈர்த்த அளவுக்கு இந்த நான்கு படங்களும் பொதுமக்களின் பேச்சில் இடம்பிடிக்கவில்லை. கொன்றவரின் கதை விற்பதைப் போலக் கொல்லப்பட்டவரின் கதை விற்பதில்லை என்பதைத் தயாரிப்பாளர்கள் அறிவர். விளம்பரத்தை நம்பி இயங்கும் தொலைக்காட்சியில், இந்தச் சமன்பாட்டுக்கு எதிராகச் செல்லும் ஒவ்வொரு முயற்சிக்கும் விலை உண்டு.

முடிவுறாத வழக்குகள்

ரீனா 2017 நவம்பரில் சிறைக்கைதியாகவே இறந்தார். 30 ஆண்டுகள் தலைமறைவாக இருந்த மத்தேயோ மெஸ்ஸினா தெனாரோ, 2023 ஜனவரி 16ஆம் தேதி பலெர்மோவின் தனியார் மருத்துவமனை ஒன்றில் சிகிச்சைக்கு வந்தபோது பிடிபட்டு, அதே ஆண்டு செப்டம்பரில் மரணமடைந்தார். மறு ஆண்டே அவரது தலைமறைவு வாழ்க்கையைத் தழுவிய திரைப்படம் திரையரங்குகளுக்கு வந்துவிட்டது.

ஆனால் வழக்குகள் அந்த வேகத்தில் நகர்வதில்லை. போர்செல்லினோ வழக்கைத் திசைதிருப்பியதாகக் குற்றஞ்சாட்டப்பட்ட மூன்று காவல்துறையினர் மீதான விசாரணையில், 2022 ஜூலையில் ஒருவர் விடுவிக்கப்பட்டார். மற்ற இருவர் மீதான குற்றச்சாட்டுகள் சட்டக் கால வரம்பைக் கடந்துவிட்டதாக நீதிமன்றம் அறிவித்தது. பொய்ச் சாட்சியத்தை உருவாக்க உத்தரவிட்டது யார் என்ற கேள்விக்கு விடை கிடைக்கவில்லை.

வல்செக்கியின் பயணத்தை வெற்றி என்றோ தவறு என்றோ ஒரே சொல்லில் மதிப்பிட முடியாது. மாஃபியா என்ற சொல்லை வெளியே உச்சரிக்கவே தயங்கிய சமூகத்தில், அதன் குற்றங்களைப் பெயர், இடம், தேதியுடன் வரவேற்பறைக்குக் கொண்டுவந்ததில் அவருக்குப் பங்குண்டு. பள்ளிப் பாடநூல் சென்று சேராத பலர், போர்செல்லினோவின் பெயரை அத்திரை வழியே அறிந்தனர். அதே திரைதான் ரீனாவின் முகத்தையும் அவர்கள் நினைவில் பதித்தது.

இனி இந்தக் கதைகளைச் சொல்ல வருவோர், பார்வையாளருக்கு நிறைவான முடிவைத் தர ஆசைப்படுவது இயல்பே. பலெர்மோவில் உறவுகளை இழந்த குடும்பங்களோ, அப்படியொரு முடிவுக்காக 30 ஆண்டுகளுக்கும் மேலாகக் காத்திருக்கின்றன. ஆண்டுதோறும் ஜூலை 19ஆம் தேதி, தமெலியோ வீதியில் கூடுவோர் சிவப்பு நிற நாட்குறிப்புகளை உயர்த்திப் பிடிக்கிறார்கள். காணாமற்போன அந்த நாட்குறிப்பு எங்கே என்பதே அவர்கள் கேட்பது.